வட்டம் போட்டுக் காதலிப்பவர்

இதை நான் நேரில் பார்க்கவில்லை. எனக்கு முடி வெட்டுகிறவர் சொன்னார், அவருக்கு அவருடைய கொழுந்தியாள் சொன்னாளாம், அந்தக் கொழுந்தியாளுக்கு யார் சொன்னார்கள் என்று கேட்கலாமென்றால் அப்போது என் கழுத்துப் பக்கம் கத்தி இருந்தது. விஷயம் இதுதான். நல்ல வேலையில் இருக்கிற, நல்ல மனசுள்ள ஒரு பெண், தனக்குப் பிடித்த மனிதரிடம் போய், "நாம கல்யாணம் பண்ணிக்கலாமா?" என்று கேட்டிருக்கிறாள். அவருக்கும் அவள் என்றால் உயிர். அப்படிப்பட்ட மனிதர் என்ன செய்தார்? பரீட்சையில் முதல் மார்க் வாங்கிய பிள்ளை மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்து, முகமெல்லாம் பல்லாக, "முடியாது" என்றாராம்.

"ஏனாம்?" என்றேன்.

"அப்பதான் கதை சரியா வருமாம் சார்" என்றார் முடி வெட்டுகிறவர், கத்தரியால் வெறும் காற்றை இரண்டு முறை வெட்டிவிட்டு.

அந்த நிமிடமே எனக்குப் புரிந்துபோயிற்று. இது அந்த இனம்.

உங்களுக்கும் தெரிந்த இனம்தான். வட்டக்காரர்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். என்றோ ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஏதோ ஒரு பயிற்சி வகுப்பில், இலவசமாய்க் கொடுத்த பிஸ்கட்டோடு சேர்த்து ஒரு பேருண்மையையும் விழுங்கிவிட்டவர்கள். உலகத்தில் இருப்பது ஒரே கதைதான். வீரன் வீட்டில் சும்மா இருக்கிறான், வெளியே வா என்று ஓர் அறைகூவல் வருகிறது, முதலில் மாட்டேன் என்கிறான், ஒரு வழிகாட்டி வந்து புத்தி சொல்கிறார், வாசலைத் தாண்டுகிறான், நாலு பேரிடம் அடி வாங்குகிறான், குகைக்குள் நுழைகிறான், சாவைத் தொட்டுப் பார்க்கிறான், அமிர்தத்தைத் தூக்கிக்கொண்டு வீடு திரும்புகிறான். இடையில் விட்டதையும் சேர்த்தால் மொத்தம் பன்னிரண்டு கட்டம். வட்டமாய் வரைந்தால் கடிகாரம் மாதிரி அழகாய்த்தான் இருக்கும். யார் இல்லை என்றது? ஆனால் விழுங்கியது செரிக்க வேண்டாமா?

இவர்களுக்குச் செரிப்பதே இல்லை. காலையில் பால் வாங்கப் போவதைக்கூடச் சும்மா செய்ய மாட்டார்கள். கட்டில், சாதாரண உலகம். அலாரம், அறைகூவல். அதன் தலையில் ஒரு தட்டுத் தட்டிவிட்டுப் போர்வையை இழுத்துக்கொள்வது, மறுப்பு. "பாலும் இல்ல, காபியும் இல்ல, எந்திரிங்க" என்கிற மனைவி, வழிகாட்டி. தெருமுனை நாய், பகைவன். அதை அதட்டுகிற பேப்பர்காரர், கூட்டாளி. கடைக்குள் ஒரே ஒரு பாக்கெட் மிச்சமிருக்க, அதன்மேல் இன்னொருவர் கையும் விழுவதுதான் உயிர்க்கண்டம். அரை லிட்டர் அமிர்தத்தோடு வீட்டுக்குள் நுழைந்து, "போன ஆள் இல்லை நான், வேற ஆளா வந்திருக்கேன்" என்பார். "எந்த ஆளா வேணா வாங்க, பாக்கெட் ஒழுகுது பாருங்க" என்பாள் அந்த வழிகாட்டி.

வாள் சுற்றும் கதைகளோடு இவர்கள் நின்றுகொண்டால் யாருக்கும் சேதமில்லை. அங்கே அரக்கன் அரக்கனாகவே இருக்கிறான், குகை குகையாகவே இருக்கிறது. காதல் கதைப் பக்கம் கால் வைத்தால்தான் வினை. நம் வதந்தியின் நாயகருக்கோ அதுவே பிழைப்பு.

அவர் ஒரு பதிப்பகத்தில் புரூஃப் பார்ப்பவர். தலைமுறை தலைமுறையாய்ப் பெண்கள் தலையணைக்கு அடியிலும் ஆண்கள் கணக்குப் புத்தகத்துக்கு உள்ளேயும் ஒளித்து வைத்துப் படித்த பழைய காதல் நாவல்களை மறுபதிப்புப் போடும் பதிப்பகம். எழுத்துப் பிழை பார்க்கத்தான் சம்பளம். அவர் பார்ப்பது கட்டப் பிழை. அலுவலகத்தில் அவருக்குப் பன்னிரண்டார் என்று பெயர். அதைக் கேலி என்று அவர் நினைக்கவில்லை. பட்டம் என்று நினைத்தார்.

"அம்மா, ஏழாம் அத்தியாயத்துல அந்தப் பொண்ணு பாதாளத்துல இறங்கறா, கவனிச்சீங்களா?" என்பார் முதலாளியம்மாவிடம்.

மூக்குக்கண்ணாடியை உச்சந்தலையில் ஏற்றிவிட்டு, அதையே மேசைமேல் தேடிக்கொண்டிருக்கும் அந்த அம்மாள் நிமிர்வாள். "எங்க இறங்கினா? டீ போட சமையல்கட்டுக்குப் போனா."

"மேலோட்டமா பார்த்தா டீதான்."

"ஆழமா பார்த்தா?"

"அமிர்தம்."

"தம்பி, சர்க்கரை போட மறந்துட்டான்னு அடுத்த வரியிலயே இருக்கு."

"அதுதாம்மா தியாகம்."

இப்படியாக, கல்யாணத்தைக் கலைக்க வரும் அத்தை வாசல் காக்கும் பூதமானாள். நாயகன் மறந்து வைத்துவிட்டுப் போகும் குடை மந்திர வாளாயிற்று. கடைசி அத்தியாயத்து மழை, மறுபிறவிக்கான நீராட்டு. ஒரு நாவலில் முந்நூறு பக்கத்துக்கு ஒருவரும் எங்கும் போகவில்லை. இரண்டு பேர் எதிரெதிர் ஜன்னலில் உட்கார்ந்து வெட்கப்பட்டுக்கொண்டே இருந்தார்கள். பன்னிரண்டார் அதன் பின்னட்டையில், 'இருளின் அடிவயிற்றுக்குள் இறங்கிய ஒரு வீரனின் மரணப் போராட்டம்' என்று எழுதிக் கொடுத்துவிட்டார். அச்சாகியும் விட்டது. மகனுக்கு வாங்கிப் போன ஒரு தாய் அலுவலகத்துக்கே வந்தாள். "கடைசிப் பக்கம் வரைக்கும் ஒரு பாம்புகூட வரலியே! திரைச்சீலைக்கு நீலமா பச்சையான்னு ரெண்டு பேரும் பேசிட்டே இருக்காங்க. பையன் அழுறான்" என்றாள். பன்னிரண்டார் அவளை உட்காரவைத்து, நீலத்துக்கும் பச்சைக்கும் நடுவே நடப்பதுதான் உண்மையான போர் என்று விளக்க ஆரம்பித்தார். முதலாளியம்மா புத்தகத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டு, அவரையும் உள்ளே அனுப்பினாள்.

வட்டம் வட்டமாய்ப் பார்த்துப் பார்த்து அவர் கண் மங்கியது. "முதல்ல போய்க் கண்ணைக் காட்டுங்க" என்று முதலாளியம்மா விரட்ட, பக்கத்துத் தெருக் கண்ணாடிக்கடைக்குப் போனார். அங்கே கண் பரிசோதிப்பவள்தான் நம் வதந்தியில் வருகிற பெண்.

இருட்டறை. நாற்காலி. எதிரே வெளிச்சத்தில் எழுத்துகள். அவள் ஒரு வில்லையைப் போட்டாள், எடுத்தாள், இன்னொன்றைப் போட்டாள். "இது தெளிவா, அது தெளிவா?"

"முதல்ல மங்கலாத்தான் இருக்கணும்" என்றார் பன்னிரண்டார். "அப்பதான் ரெண்டாவதுக்கு அர்த்தம் வரும். எந்தப் பயணத்துலயும்..."

"கதை வேணாம் சார். எழுத்து தெரியுதா?"

"தெரியுது."

"அப்ப தாடையை இதுமேல வச்சுட்டு வாயை மூடுங்க."

வாழ்க்கையில் அவரிடம் இத்தனை தெளிவாக யாரும் பேசியதில்லை. அன்றே விழுந்துவிட்டார். அவளுக்கும் இந்த மனிதரின் அசட்டுத்தனம் எப்படியோ பிடித்துப்போயிற்று. கண்ணாடி நன்றாக உட்கார்ந்த பிறகும், காது ஓரம் கடிக்கிறது என்று அவர் போய்க்கொண்டே இருந்தார்; கடிக்கவில்லை என்று தெரிந்தும் அவள் சரிசெய்து கொடுத்துக்கொண்டே இருந்தாள். காதல் வேறு எப்படி நடக்கும், சொல்லுங்கள்?

ஒரு நாள் அவருடைய அறைக்கு வந்தவள், சுவரில் ஓர் ஆள் உயரத்துக்கு வரைந்திருந்த வட்டத்தைப் பார்த்தாள். "இதுல நான் எங்க இருக்கேன்?"

அவர் ஆசையோடு ஒன்பதாவது கட்டத்தைத் தொட்டுக் காட்டினார். "இங்க. இதுதான் பரிசு. அமிர்தம்."

"நான் பாட்டிலா?"

"சேச்சே, அப்படி இல்ல. சில கதைகள்ல அரக்கனும் நீங்களேதான்."

அவள் சிரித்தாள். சிரித்து முடித்து, "சரி, என் கதையில நீங்க யாரு?" என்று கேட்டாள்.

பன்னிரண்டாருக்குத் தலை சுற்றியது. அவளுக்கும் ஒரு கதையா? அதில் அவர் பாட்டிலா, அத்தையா, தெருநாயா? அவர் தூக்கம் போயிற்று. ஒரு வாரம் யோசித்து, முதல் வட்டத்துக்குப் பக்கத்திலேயே அதே அளவில் இன்னொரு வட்டம் வரைந்து, இரண்டையும் ஒரு சின்னக் கோட்டால் இணைத்தார். காதல் இலக்கியத்தின் ஆணிவேரையே பிடித்துவிட்டதாய் அவருக்கு நினைப்பு. அவளைக் கூப்பிட்டுக் காட்டினார்.

அவள் தலையைச் சாய்த்துப் பார்த்தாள். "கண்ணாடி வரைஞ்சிருக்கீங்க. மூக்கு எங்க?"

"இது... ரெண்டு பயணம்."

"ரெண்டுக்கும் ஒரே அளவு போட்டிருக்கீங்களே. ஒரே ஆளோட ரெண்டு கண்ணுக்கே ஒரே பவர் இருக்கறதில்ல" என்று சொல்லி, அவருடைய கண்ணாடியைக் கழற்றித் தன் துப்பட்டாவால் துடைத்து மாட்டிவிட்டாள். அவ்வளவு கிட்டத்தில் அவள் முகம் தெளிவாய்த் தெரிந்தது. அந்த ஒரு நொடி அவர் எந்தக் கட்டத்திலும் இல்லை. ஆனால் அதை அவர் கவனிக்கவில்லை.

அந்த மாதத்தில்தான் அவளுக்கு அந்த வாய்ப்பு வந்தது. வேறு ஊரில் புதுக் கிளை, அவளே பொறுப்பாளர். போகிறேன் அல்லது போகவில்லை என்று வெள்ளிக்கிழமை கடை மூடுவதற்குள் சொல்லியாக வேண்டும். சுற்றி வளைக்கிற பழக்கம் அவளுக்கு ஏது? மதியச் சாப்பாட்டு நேரத்தில், கடைக்கு எதிரே இருந்த பெஞ்சில் அவரை உட்காரவைத்து விஷயத்தைச் சொன்னாள். பிறகு கேட்டாள்.

"நாம கல்யாணம் பண்ணிக்கலாமா? ஆமாவா, இல்லையா?"

பன்னிரண்டாரின் நெஞ்சு துள்ளிய துள்ளலில் சட்டைப் பையிலிருந்த பேனா ஆடியது. ஆமா, ஆமா, ஆமா என்று உள்ளே ஒரு கூட்டமே கத்தியது. ஆனால் இது அறைகூவல் அல்லவா? இரண்டாம் கட்டத்தில் ஆமாம் சொன்ன வீரன் உண்டா? சொன்னால் கதை அங்கேயே படுத்துவிடாதா? தன் வாழ்வின் ஒரே காதலைப் போயும் போயும் இரண்டே கட்டத்தில் முடிக்க அவருக்கு மனம் வரவில்லை. பெரிதாய், முழுதாய், பன்னிரண்டும் நிறைந்ததாய் அவளுக்குக் கொடுக்க ஆசைப்பட்டார். அந்த ஆசையில்தான் சொன்னார்: "முடியாது."

"தெளிவா சொல்றீங்களா?"

"தெளிவா."

காரணம் சொல்லியிருக்கலாமே என்கிறீர்களா? காரணம் சொன்னால் மறுப்புக்கு வலு ஏது? அவள் சாப்பாட்டு டப்பாவை மூடினாள். மூடி சரியாய்ப் பொருந்தவில்லை. இரண்டாம் முறை அழுத்தி மூடினாள். "சரி" என்றாள். எழுந்து, தெருவைக் கடந்து, கடைக்குள் போனாள். பன்னிரண்டார் தரையில் கால் பாவாமல் அலுவலகம் திரும்பினார். மூன்று கட்டம் முடிந்தது! இனி வழிகாட்டி வர வேண்டியதுதான் பாக்கி.

வழிகாட்டி வரவில்லை. வயதானவராய், தாடியோடு, முடிந்தால் கையில் தடியோடு ஒருவர் வருவார் என்று வழியெல்லாம் பார்த்தார். அவர் குடியிருந்த கட்டடத்தின் மேல்மாடியில் அப்படி ஒருவர் இருக்கத்தான் செய்தார். தடிக்குப் பதில் குடை. அதனால் என்ன? படிக்கட்டில் மடக்கினார்.

"அய்யா, என்கிட்ட ஏதாவது சொல்லணுமா?"

தாடிக்காரர் ஒரு படி பின்னால் ஏறி நின்றார். "உங்ககிட்டயா? எனக்கென்ன... ஆங், படிக்கட்டு விளக்கை அணைச்சிட்டுப் போங்க தம்பி. தினமும் எரிய விட்டுட்டுப் போயிடறீங்க."

பன்னிரண்டாருக்கு மெய்சிலிர்த்தது. விளக்கை அணை! வெளியே எரிவதை அணைத்தால்தானே உள்ளே எரிவது தெரியும்! அன்று முதல் படிக்கட்டு விளக்கை மட்டுமல்ல, அறை விளக்கையும் அணைத்துவிட்டு இருட்டில் உட்கார்ந்தார். மேசைக் காலில் முட்டியை இடித்துக்கொண்டு நொண்டியதைச் சோதனைக் கட்டத்தில் சேர்த்துக்கொண்டார். அவளுக்கு ஒரு போன்கூடப் போடவில்லை. நடுப்பகுதியில் பிரிவு நீண்டால்தான் வாசகருக்கு ஏக்கம் பிறக்கும்.

வெள்ளிக்கிழமை மாலை கதவு தடதடத்தது. வந்தது அவருடைய அக்கா. கையில், ஒரு பக்கம் கால் கழன்ற தன் படிப்புக் கண்ணாடி.

"விளக்கைப் போடுடா மொதல்ல! இருட்டுல என்ன அடைகாக்குறியா?" என்று அவளே சுவிட்சைத் தட்டினாள். "கண்ணாடிக் கால் ஆடுதேன்னு கடைக்குப் போனேன். அந்தப் பொண்ணு உன்கிட்ட என்னடா கேட்டா?"

"கல்யாணம் பண்ணிக்கலாமான்னு..."

"நீ என்ன சொன்ன?"

"மறுத்துட்டேன்க்கா. மூணாவது கட்டம். முறைப்படி..."

அக்கா சுவரைப் பார்த்தாள். இரண்டு வட்டங்களும் அவளை வெறித்தன. "இதைப் பார்த்துத்தானாடா? இந்தச் சொவத்தைப் பார்த்துத்தானா ஒரு பொண்ணுகிட்ட முடியாதுன்ன?"

"அக்கா, உனக்குக் கதையோட அமைப்பு..."

"அமைப்பாம்! அவ பெட்டி கட்டி வச்சிருக்காடா. என் கண்ணாடிக்கு ஸ்க்ரூ போட வந்தவ, ரெண்டு தடவை அதைக் கீழ விட்டுட்டு அப்படியே திருப்பிக் குடுத்துட்டா. எல்லார் கண்ணையும் பார்க்கிறவ, கண்ணு செவந்து உக்காந்திருக்கா."

பன்னிரண்டார் சுவரிலிருந்த வட்டத்தைத் திரும்பிப் பார்த்தார். பெட்டி கட்டுவதற்கு அதில் கட்டம் இல்லை. "போறாளா? நிஜமாவா?"

"பின்ன, பொய்யா பெட்டி கட்டுவாளா? கேட்டுக்க. பவர் பார்க்கும்போது ஒருத்தர் சொன்ன பதில்ல சந்தேகம் இருந்தா, அதே வில்லையை இன்னொரு தடவை போட்டுக் கேப்பாளாம். மூணாவது தடவை கேக்க மாட்டாளாம், கேட்டா ஆளு குழம்பிடுமாம். உன்கிட்டயும் அப்படித்தான். கடை மூடறதுக்குள்ள ஒரு போன் பண்ணுவா. ஒரே ஒரு போன். நீ எடுக்கலன்னா, போறேன்னு சொல்லிடுவா."

"எடுத்து..."

"எடுத்து ஆமான்னு சொல்லு. அதுக்கு மேல ஒரு எழுத்து பேசாத. இந்த இடத்தை விட்டு நகராத. புரியுதா? நகராத!" என்று சொல்லிவிட்டு, டியூஷனில் காத்திருக்கும் பிள்ளைகளைக் கூட்டி வர அக்கா ஓடினாள்.

பன்னிரண்டார் போனைச் சார்ஜில் போட்டு, சத்தத்தை முழுக்கக் கூட்டி, மேசை நடுவில் வைத்தார். தலை வாரினார். 'ஆமா' என்று மூன்று விதமாய்ச் சொல்லிப் பார்த்தார். நான் சத்தியம் செய்கிறேன், அந்த நேரத்தில் அவருக்கு அவளைத் தவிர உலகில் எதுவும் வேண்டியிருக்கவில்லை. எடுத்து ஒரு சொல் சொல்ல வேண்டும், அவ்வளவுதான்.

அப்போதுதான் அந்த எண்ணம் வந்தது.

வந்து புத்தி சொன்னது யார்? அக்கா. அப்படியானால் அக்காதான் வழிகாட்டி. தாடிக்காரர் வெறும் தாடிக்காரர். முட்டியில் பட்ட அடி வெறும் அடி. அதாவது நான்காவது கட்டமே இப்போதுதான் முடிந்திருக்கிறது! ஐந்தாவது, வாசல் தாண்டல். அதைச் செய்யாமல், உட்கார்ந்த இடத்திலிருந்து கையை நீட்டி அமிர்தத்தை எடுத்தால் அது என்ன காதல்? அடித்தளம் இல்லாமல் எழுப்பிய எத்தனை நாவல்கள் நூறாம் பக்கத்தில் இடிந்து விழுவதை அவர் தன் கையாலேயே திருத்தியிருக்கிறார்! தன் கல்யாணமும் அப்படி நூறாம் பக்கத்தில் இடிய வேண்டுமா? அவளுக்காகவே, அவள் நல்லதுக்காகவே, ஒரே ஓர் அடி. வெளியே கால் வைக்க வேண்டியது, உடனே உள்ளே வர வேண்டியது. யாருக்கு என்ன நஷ்டம்?

கதவைத் திறந்தார். வலது காலை வெளியே வைத்தார். இடது காலையும் வைத்தார். படிக்கட்டு ஜன்னல் வழியாய்க் காற்று வந்தது.

அவர் வீட்டுக் கதவு, சாத்தினால் தானே பூட்டிக்கொள்ளும் ரகம்.

டக்.

சாவி உள்ளே, ஆணியில். பன்னிரண்டார் கைப்பிடியைத் திருகினார், இழுத்தார், தோளால் இடித்தார். கதவுக்குக் கதை தெரியாது. அது பாட்டுக்கு நின்றது. பொழுது சாய்ந்துவிட்டதால் படிக்கட்டில் கும்மிருட்டு, விளக்கை அவரே அணைத்து வைத்திருந்தார். இதுவரை அவர் வரைந்த குகைகளில் எல்லாம் ஏதோ ஒரு மூலையில் வெளிச்சம் வைத்திருந்தார். இதில் இல்லை.

உள்ளே போன் அடிக்க ஆரம்பித்தது.

"ஆமா!" என்று கத்தினார் கதவைப் பார்த்து. "ஆமாங்க! ஆமா! கேக்குதா? ஆமா!" கன்னத்தைக் கதவில் ஒட்டிக்கொண்டு, மரத்திடம் கெஞ்சினார். கண்ணாடி நசுங்கி, ஒரு பக்கக் கால் வளைந்தது. "போயிடாதீங்க. மொதல்லயே ஆமாதான். மொதல் தடவையே ஆமாதான்!"

மேல்மாடியில் ஒரு கதவு திறந்தது. செருப்புச் சத்தம், ஒவ்வொரு படியாய், அவசரமில்லாமல் இறங்கி வந்தது. கூடவே ஏதோ கிலுகிலுவென்று ஒரு சத்தம்.

"யாரது இருட்டுல?" என்றது தாடிக்காரரின் குரல். "விளக்கைப் போடுங்க தம்பி!"

போன் அடித்துக்கொண்டிருக்கிறது.

இப்போது உங்களிடம் வருகிறேன். அந்தக் கிலுகிலு சத்தத்தைக் கேட்டதும் உங்களுக்கு என்ன தோன்றியது? சாவிக்கொத்து என்றுதானே? வீட்டுக்காரர் ஒரு மாற்றுச் சாவியைத் தாடிக்காரரிடம் கொடுத்து வைத்திருப்பார், கடைசி மணிக்குச் சற்று முன்னால் கதவு திறந்துவிடும், ஏனென்றால் பக்கம் முடியப் போகிறது, பக்கம் முடியும்போது கதவு திறந்துதான் ஆக வேண்டும் என்று மனசுக்குள் ஏற்பாடு செய்துகொண்டீர்களா இல்லையா? தாடிக்காரர் கடைசியில் உதவாமலா போவார் என்று ஒரு கணக்கு? அது சில்லறையாகக்கூட இருக்கலாமே. மருந்து டப்பாவாக இருக்கலாமே. இத்தனை உறுதியாய் உங்களுக்கு யார் சொன்னது? எந்த ஞாயிற்றுக்கிழமை, எந்த வகுப்பு, என்ன பிஸ்கட்?

கண்ணாடிக்கடையில் ஒருத்தி போனைக் காதில் வைத்துக்கொண்டு, இன்னொரு கையால் ஷட்டரைப் பிடித்தபடி நிற்கிறாள். அவளுக்கு எந்தக் கட்டமும் தெரியாது. எத்தனை முறை அடிக்கிறது என்று அவள் எண்ணவில்லை, நானும் எண்ணவில்லை.

நீங்கள்தான் எண்ணுகிறீர்கள். அது இன்னும் அடித்துக்கொண்டிருக்கிறது.